ஈறு நிறம்

மாஸ்டர் மறுபடி எழுந்து நடந்தார். கட்டிலிலிருந்து சமையலறைக்கு, அங்கிருந்து பின்கதவுக்கு, பின்கதவிலிருந்து திரும்பக் கட்டிலுக்கு. முன்னறையில் இருந்த அவர் மனைவி எட்டிப் பார்க்க வேண்டிய அவசியமில்லை. வெறுங்கால் சிமெண்ட் தரையில் ஒட்டிப் பிரியும் சத்தம் போதும். மழைக்கு இருட்டிக்கொண்டு வந்து, பெய்யாமல் போக்குக் காட்டிய நாள் அது. சுவரில் கை வைத்தால் பிசுபிசுத்தது.

இந்த மாதிரி நாளில் பசைக்கு அவசரம் வந்துவிடும். ஈரம் பட்டால்தான் அது இறுகும். காற்றிலேயே ஈரம் இருந்தால் வைத்த இடத்தில் அப்படியே பிடித்துக்கொள்ளும். நகர்த்திச் சரிசெய்ய விடாது. அவள் எதிரில் உட்கார்ந்திருந்த வேன்காரியின் ஆள்காட்டி விரலை இடது கையில் வாங்கினாள். பிளாஸ்டிக் ஒட்டுநகத்தின் அடியில் ஒரு சின்னப் பள்ளம் இருக்கும். அதில் பசையை நிரப்பி, விரலின் சொந்த நகத்து நுனியில் சாய்வாக முட்டக் கொடுத்து, காற்றுக்குமிழ் சிக்காமல் மெதுவாகப் படுக்க வைத்தாள். பிறகு அழுத்திப் பிடித்தாள். பிடித்திருந்த நேரம் முழுக்க அவள் காது பின்கதவுப் பக்கம் இருந்தது.

வேன்காரி பள்ளிக்கூட வேன் ஓட்டுகிறவள். பிள்ளைகளைக் காலையில் இறக்கிவிட்டு, சாயங்காலம் ஏற்றுவதற்குள் அவளுக்குக் கொஞ்சம் நேரம் கிடைக்கும். அந்த நேரத்தில் தூங்கலாமே என்று கேட்டால், தூங்கி எழுந்தால் முகம் வீங்கித்தான் கிடக்கிறது, நகம் வைத்தால் ஸ்டியரிங் பிடிக்கும்போதெல்லாம் பார்த்துக்கொள்ளலாம் என்பாள். உள்ளங்கை காய்த்துப் போயிருக்கும். புறங்கையில் வெயில் பட்ட கோடு மணிக்கட்டோடு நிற்கும். அந்தக் கைகளுக்குப் பத்து நீள நகங்கள் வைத்ததும் அவள் பேசும் விதமே மாறிவிடும். ஒவ்வொரு வார்த்தைக்கும் ஒரு விரல் நீளும்.

தெருவில் எல்லோருக்கும் அவள் நகத்தக்கா. முன்னறையில் ஒரு மேஜை, இரண்டு நாற்காலி, ஒரு விளக்கு. அதுதான் கடை. கூச்சப்படுகிற பெண்களும் கைக்குழந்தைக்காரிகளும் கடைத்தெரு பார்லருக்குப் போவதில்லை, இங்கேதான் வருவார்கள். குழந்தையைப் பாயில் போட்டுவிட்டுக் கையை நீட்டுவார்கள். ஒட்டுநகத்தை ஒட்டி, வேண்டிய நீளத்துக்கு வெட்டி, சொந்த நகமும் அதுவும் சேரும் விளிம்பு தெரியாமல் அரத்தால் தேய்க்க வேண்டும். பிறகு ஒரு திரவம் பூசி, ஈரம் காய்வதற்குள் வண்ணப்பொடியை அதன்மேல் தூவ வேண்டும். மிச்சத்தைத் தட்டிவிட்டு, மறுபடி பூசி, மறுபடி தூவ வேண்டும். மற்றவர்கள் விரலைப் பொடி டப்பாவுக்குள்ளேயே முக்கி எடுப்பார்கள். இவள் மாட்டாள். ஒருத்தி விரல் பட்டது இன்னொருத்திக்கு வேண்டாம் என்று சிறு கரண்டியால் எடுத்துத் தூவுவாள். கடைசியில் இறுக வைக்கும் திரவம். அந்தத் தூரிகையை மறந்துபோய் முதல் திரவத்தில் நனைத்துவிட்டால் புட்டி முழுக்கக் கல்லாகிவிடும். அதனால் ஒன்று மேஜையின் இடக்கோடியில் இருக்கும், இன்னொன்று வலக்கோடியில். ஒருவருக்கொருவர் ஆகாத சம்பந்திகளைப் பந்தியில் உட்கார வைப்பது போல.

இந்த வேலையை அவள் யாரிடமும் போய்க் கற்கவில்லை. பொடியும் திரவமும் சேர்ந்தால் என்ன ஆகும் என்பது இந்த வீட்டில் முன்பே தெரிந்த விஷயம். மாஸ்டர் பல் கட்டுகிறவர். பல் டாக்டர்கள் எடுத்தனுப்பும் அளவை வைத்து மெழுகில் ஈறு செய்து, பல் வரிசையைப் பதித்து, அச்செடுத்து, இளஞ்சிவப்புப் பொடியைத் திரவத்தோடு சேர்த்து மாவு பதத்தில் அடைத்து, பாத்திரத்தில் வேக வைத்து எடுப்பார். பின்னறையில் அவருடைய மேஜை. கல்யாணமான புதிதிலிருந்து மாவு பதம் பார்ப்பது அவள் வேலை. கரண்டியில் நூல் போல இழுத்தால் இன்னும் ஆகவில்லை. இழுக்காமல் விட்டு வந்தால் சரி. மகள் வெளியூர்க் கல்லூரிக்குப் போன பிறகு, விளையாட்டாகத் தன் விரலுக்கே நகம் செய்து பார்த்தவள், அதையே தொழிலாக்கிக்கொண்டாள்.

மாஸ்டரின் விரல் நுனிகள் அதற்கு முன்பே வெடிக்கத் தொடங்கியிருந்தன. முதலில் குளிர் என்றார்கள், பிறகு சோப்பு என்றார்கள். தோல் டாக்டர் அவர் முதுகில் வரிசையாகச் சின்னச் சின்ன ஒட்டுகளை ஒட்டி அனுப்பி, மறுபடி வரச்சொல்லிப் பிரித்தபோது ஒரே ஒரு கட்டம் சிவந்து பொங்கியிருந்தது. பல் கட்டுகிற திரவம். கையுறை போட்டுக்கொள்கிறேன் என்று மாஸ்டர் சொன்னதற்கு, அது உறையைத் தாண்டி வரும், இனி உங்களுக்கும் அதற்கும் ஒட்டு உறவு கூடாது என்றார் டாக்டர். மாஸ்டர் பின்னறையைப் பூட்டாமல் சாத்தினார்.

ஆனால் கை ஆறவில்லை. சோற்றில் கை வைத்தால் காரம் வெடிப்புக்குள் இறங்கியது, அதனால் கரண்டியால் சாப்பிட்டார். கண் இமை வீங்கியது. திரும்பப் போனபோது டாக்டர் நாற்காலியில் சாய்ந்துகொண்டு, வீட்டில் வேறு யாராவது இந்த மாதிரிப் பொடி, பசை வைத்து வேலை செய்கிறார்களா, நகம் கிகம் என்று கேட்டார். மாஸ்டர் இல்லை என்றார். அப்படி இருந்தால் அந்த வீட்டில் நீங்கள் இருக்கும்வரை மருந்தெல்லாம் ஆற்றில் கரைத்த புளிதான் என்றார் டாக்டர். மாஸ்டர் வீட்டுக்கு வந்து, நாளாகுமாம் என்று மட்டும் சொன்னார்.

அன்றிலிருந்துதான் இந்த நடை. அரத்தில் உதிரும் தூள் பவுடரைவிட மெல்லியது. கட்டில் சட்டத்தில், துண்டில், தண்ணீர்க்குடத்து மூடியில் என்று எங்கேயும் இருந்தது. அவள் பார்க்காத நேரத்தில் அவர் ஈரத்துணியால் துடைத்தார். துடைக்கத் துடைக்கக் கை மோசமானது. வீட்டில் தூள் போகாத இடம் சாத்திக் கிடந்த பின்னறை ஒன்றுதான். அங்கே போய் உட்கார்ந்தால் அரிப்பு கொஞ்சம் அடங்கியது. அதனால் அடிக்கடி போய் உட்கார்ந்தார்.

அவளுக்குத் தெரிந்ததெல்லாம், புருஷன் தனக்குத் தெரியாமல் பின்னறைக்குப் போகிறார், வரும்போது கையில் ஈரத்துணி இருக்கிறது, கை ஆறவில்லை என்பதுதான். பல் டாக்டரிடம் வேலை பார்க்கிற ஆளோடு டீக்கடையில் அவர் பேசிக்கொண்டிருந்ததையும் பார்த்திருந்தாள். திருட்டுத்தனமாகப் பல் கட்டுகிறார், கட்டிவிட்டுத் தூளைத் துடைக்கிறார் என்று முடிவுகட்டிவிட்டாள். கேட்கவில்லை. கேட்டால் இல்லை என்பார், இல்லை என்று அவர் பொய் சொல்வதைக் கேட்க வேண்டிவரும். சட்டையை மட்டும் துவைக்கும் முன் முகர்ந்து பார்த்தாள்.

"மாஸ்டர் ஏன்க்கா கூண்டுக்குள்ள போட்ட மாதிரி நடக்கறாரு?" என்றாள் வேன்காரி.

"அரிப்பு. உக்கார முடியல."

"கையிலயா, கால்லயா?"

அவள் அடுத்த விரலை எடுத்தாள். பின்கதவு திறந்து மூடியது. ரொட்டி வாங்கி வருவதாக மாஸ்டர் கொல்லைப்புறத்திலிருந்தே குரல் கொடுத்துவிட்டுப் போனார்.

பத்து விரலுக்கும் ஒட்டியாயிற்று. வெட்டி, தேய்த்து, விளிம்பும் மறைந்தாயிற்று. இந்தத் தடவை கண்ணை உறுத்தாத வெளிர் ரோஸ் வேண்டும் என்று வேன்காரி முன்பே சொல்லியிருந்தாள். பள்ளிக்கூடத்தில் புதிதாக வந்திருக்கிற மேடம் அவள் நகத்தைப் பார்த்து, நீங்க வேன் ஓட்டுறீங்களா, வேன்ல நடிக்கப் போறீங்களா என்று கேட்டிருந்தார். வெளிர் ரோஸ் டப்பா மேஜையில்தான் இருந்தது. முதல் திரவத்தின் மூடியில் கை வைத்தவள், அப்படியே நிறுத்தினாள். வீட்டில் அவர் இல்லை. இப்படி ஒரு நேரம் சீக்கிரத்தில் வராது.

ஒரு நிமிஷம் என்று சொல்லிவிட்டுப் பின்னறைக்குப் போனாள்.

பாலிஷ் மெஷின்மேல் போட்ட துணி போட்டபடி இருந்தது. வேக வைக்கும் பாத்திரத்தின் அடியில் ஒரு பல்லி முட்டை. திரவப் புட்டியின் மூடி காய்ந்து இறுகியிருந்தது, திருகினாலும் அசையவில்லை. ஈறுப்பொடி டின்னை எடுத்தாள். கடைசியாக அதை மூடியது அவள்தான். கரண்டியின் முதுகால் பொடியைச் சமமாக அழுத்தி மூடுவது அவள் பழக்கம். மூடியைத் திறந்தாள். கரண்டி அழுத்திய வழவழப்பு அப்படியே இருந்தது. ஒரு சிட்டிகைகூட எடுபடவில்லை.

ஸ்டூலின்மேல் தலையணை, மடித்த செய்தித்தாள். ஸ்டூலுக்கு அடியில் அந்த ஈரத்துணி. எடுத்து விரித்தாள். விளக்கைப் போட்டுப் பார்த்தாள். துணியெங்கும் ஊதாவும் வெள்ளியுமாக மினுக்கியது. போன வாரம் ஒரு கல்யாணப் பெண்ணுக்கு அவள் வைத்த மினுக்குப் பொடி. இந்த அறைக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. கட்டிலிலிருந்தும் கதவிலிருந்தும் துடைத்து எடுத்தது.

அவள் ஸ்டூலில் உட்கார்ந்தாள். தலையணை அவளுக்குக் கீழே அமுங்கியது. இந்த அறைக்குள் தன் மூக்கில் எதுவும் உறுத்தவில்லை என்பதை அப்போதுதான் கவனித்தாள்.

வேன்காரி முன்னறையிலிருந்து கூப்பிட்டாள். அவள் எழுந்து போனாள். கையில் ஈறுப்பொடி டின் இருந்ததும், அதை மேஜையில் வைத்ததும், நாற்காலியில் உட்கார்ந்ததும் அவளுக்குத் தெரியவில்லை. விரலை எடுத்தாள், திரவத்தைப் பூசினாள், எதிரே திறந்திருந்த டின்னிலிருந்து கரண்டியால் அள்ளித் தூவினாள். தட்டினாள். அடுத்த விரல். கை தன்பாட்டில் ஓடியது. வேன்காரி அந்த மேடத்தைப் பற்றிச் சொல்லிக்கொண்டே போனாள். ஒரு பையன் வேனில் வாந்தி எடுத்ததை, அதை அந்த மேடம் மூக்கைப் பிடித்துக்கொண்டு எட்டி நின்று மேற்பார்வை பார்த்ததை. ஒரு கை முடிந்து, இரண்டாவது கையிலும் கடைசியாகக் கட்டைவிரல் முடிந்தபோது பேச்சை நிறுத்தினாள்.

"அக்கா. இது என்ன, நரம்பு ஓடுது?"

அவள் குனிந்து பார்த்தாள். வெளிர் சிவப்பில், மயிர் போலச் சின்னச் சின்னச் சிவப்பு இழைகள். பல் செட்டில் ஈறு உயிருள்ள ஈறு மாதிரித் தெரிய வேண்டும் என்பதற்காகவே அந்தப் பொடியில் கலந்திருக்கும் இழைகள். ஒவ்வொரு நகத்திலும் ரத்தம் ஓடிக்கொண்டிருந்தது.

வேன்காரி இரண்டு கைகளையும் விரித்து முகத்துக்கு நேரே வைத்துக்கொண்டாள். "வாயத் தொறந்த மாதிரி இருக்குதுக்கா."

அந்த நேரத்தில் மாஸ்டர் ரொட்டியோடு உள்ளே வந்தார். மேஜையிலிருந்த டின்னைப் பார்த்தார், நகத்தைப் பார்த்தார். முகம் ஒரு கணம் ஒன்றும் புரியாமல் நின்றது. பிறகு சிரித்தார். வயிற்றைப் பிடித்துக்கொண்டு, சுவரில் சாய்ந்து சிரித்தார். அந்த வீட்டில் அந்தச் சத்தம் கேட்டு வெகுநாளாகியிருந்தது. "கீழ் செட்டா, மேல் செட்டா?" என்று வேன்காரியிடம் கேட்டார்.

"எனக்கு ரெண்டு செட்டும் வெச்சாச்சு மாஸ்டர்," என்றாள் அவள்.

நகத்தக்கா சிரிக்கவில்லை. "டாக்டர் என்ன சொன்னாரு?" என்றாள்.

சிரிப்பு பாதியில் நின்றது.

"எந்த டாக்டர்?"

"ரெண்டாவது தடவ போனீங்களே."

"நாளாகும்னாரு. சொன்னேனே."

"அது நீங்க சொன்னது. அவரு என்ன சொன்னாரு?"

மாஸ்டர் ரொட்டியை எங்கே வைப்பது என்று தெரியாமல் மேஜை, நாற்காலி என்று பார்த்தார். எல்லாவற்றிலும் தூள் இருந்தது. கையிலேயே வைத்துக்கொண்டார். வேன்காரி எழுந்து போயிருப்பாள். ஆனால் பத்து விரலிலும் திரவம் பாதி ஈரமாக இருந்தது. கதவைத் திறக்க எதைத் தொட்டாலும் ஒட்டிக்கொள்ளும். அதனால் கைகளைத் தூக்கிப் பிடித்தபடியே ஜன்னலுக்கு வெளியே, ஒன்றுமில்லாத தெருவை ஆர்வமாகப் பார்க்கத் தொடங்கினாள்.

"வீட்ல யாராவது நக வேலை செய்றாங்களான்னு கேட்டாரு," என்றார் மாஸ்டர்.

"நீங்க?"

"இல்லன்னேன்."

"அந்த ரூம்ல போயி உக்காந்திருந்தீங்க. துணி வெச்சு தொடச்சீங்க. நான் என்னெல்லாம் நெனச்சேன் தெரியுமா? உங்க சட்டைய மோந்து பாத்தேன்."

"பாத்தேன், நீ மோந்து பாத்தத."

"அப்பவாவது சொல்லலாமில்ல?"

"சொன்னா நீ நிறுத்திடுவ."

அவள் வலக்கோடியில் இருந்த புட்டியை எடுத்தாள், வேன்காரியின் கையை இழுத்து இறுக்கும் திரவத்தை ஒவ்வொரு விரலாகப் பூசினாள். ஐந்து விரல் முடிந்ததும் அடுத்த கையை வாங்கினாள். 

"நிறுத்தியிருக்க மாட்டேன்," என்றாள்.

மாஸ்டர் அவளையே பார்த்தார்.

"அன்னிக்கே சொல்லியிருந்தாலும் நிறுத்தியிருக்க மாட்டேன். வேற ஏதாவது வழி பாத்திருப்பேன். இல்ல, உங்கள எங்கயாவது அனுப்பியிருப்பேன். நிறுத்தியிருக்க மாட்டேன்."

"பாப்பா படிப்புக்காகத்தான..."

"அவ படிப்ப இழுக்காதீங்க. எனக்கு இது புடிச்சிருக்கு. ஒருத்தி வந்து உக்காந்து கைய நீட்டறா. போறப்ப தன் கையத் தானே திருப்பித் திருப்பிப் பாத்துட்டுப் போறா. எனக்கு அது வேணும்."  அவர் ஓரடி எடுத்து வைத்ததும் கை காட்டித் தடுத்தாள். "கை எவ்வளவு வெடிச்சிருக்கு, தள்ளி நில்லுங்க. இங்க வராதீங்க."

அவர் இரண்டடி பின்னால் போனார். வாசற்படிக்கு வெளியே போய் நின்றார். ரொட்டிப் பையை ஒரு கையிலிருந்து இன்னொரு கைக்கு மாற்றினார்.

"நான் இத்தன நாளா என்னை நானே பெரிய தியாகின்னு நெனச்சிட்டிருந்தேன்," என்றார்.

ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்த வேன்காரியின் தோள் குலுங்கியது. அவள் அடக்கிப் பார்த்தாள், முடியவில்லை. மூக்கு வழியாக ஒரு சத்தம் வெளியே வந்துவிட்டது.

நகத்தை மாற்றி வைக்கிறேன் என்று அவள் எவ்வளவோ சொல்லியும் வேன்காரி கேட்கவில்லை. இருக்கட்டும், பின்சீட்டில் சண்டை போடுகிற பயல்களுக்கு இதைக் காட்டினால் வாயை மூடுவான்கள், அந்த மேடத்துக்கும் கண்ணை உறுத்தாது, குமட்டத்தான் செய்யும் என்று சொல்லிவிட்டுப் போனாள்.

மாஸ்டர் மறுநாளே தன் அக்கா வீட்டுக்குப் போனார். ஊரின் மறுகோடியில், இரண்டு பஸ் மாறிப் போக வேண்டிய இடம். நகத்தக்காவுக்கு நாத்தனார். புருஷனை இழந்தவர். பள்ளிச் சீருடை தைப்பவர். முன்னறை முழுக்க ஒரே நிறத்தில் அரைக்கால் சட்டைகள் தொங்கும். நாத்தனாருக்கு நகத்தக்காவின் தொழில்மேல் ஆரம்பத்திலிருந்தே நல்ல அபிப்பிராயம் கிடையாது. கடவுள் கொடுத்த நகத்தை வெட்டத்தான் சோம்பேறித்தனம், அதன்மேல் இன்னொன்றா என்பார். தம்பி பையோடு வந்து நின்று விஷயத்தைச் சொன்னதும், அவ தூளு உனக்கு ஆகலியா, அவளே ஆகலியா, அத மொதல்ல சொல்லு என்று கேட்டாராம். மாஸ்டர் போனில் இதைச் சொன்னபோது இரண்டு பேரும் சிரித்தார்கள். 

தினமும் சாயங்காலம் போன் வந்தது. என்ன சாப்பிட்டீர்கள், கை எப்படி என்பாள். அப்படியேதான் இருக்கு என்பார். அவளுக்கு அந்தப் பதிலில் ஒரு சின்ன ஆறுதல் இருந்தது. அதை நினைத்து உடனே தன்மேலேயே எரிச்சல் வந்தது. கை ஆறாவிட்டால் தூள் காரணமில்லை, அவர் திரும்பி வரலாம். ஆறிவிட்டால் தூள்தான். அப்போது அவர் இந்த வீட்டுக்கு வர முடியாது. ஒட்டுநகத்தை ஒட்டிக்கொண்டிருக்கும்போதே இது மனதில் ஓடும். எந்தப் பதிலுக்காகக் காத்திருக்கிறோம் என்று அவளுக்கே தெரியவில்லை. இப்போது கட்டிலிலிருந்து சமையலறைக்கும் சமையலறையிலிருந்து பின்கதவுக்கும் நடக்கிற ஆள் அவளாக இருந்தாள். பார்லரில் நாற்காலி கேட்டுப் பார்த்தாள். அவர்களுக்குக் கீழே அவர்கள் சொல்கிறபடி செய்வதானால் வரலாம் என்றார்கள். இரண்டு தெரு தள்ளி ஒரு அறை பார்த்தாள். பசை வாசனை மாடிக்கு வரும் என்று வீட்டுக்காரம்மா கதவை முழுசாகக்கூடத் திறக்கவில்லை.

ஒருநாள் போன் வழக்கமான நேரத்துக்கு முன்பே வந்தது. பேசியது நாத்தனார்.

"ஏம்மா, உன் புருஷன் பொய்யா சொல்லிட்டிருக்கான். கை ஆறிப் போச்சு. நேத்து என்கூட உக்காந்து மீன் வறுவல கையால பிச்சுப் பிச்சுச் சாப்ட்டான். ஒருக்கா வந்து பாத்துட்டுப் போ."

அவள் தலைக்குக் குளித்து, துவைத்து மூடிவைத்த புடவையைக் கட்டிக்கொண்டு போனாள். நாத்தனார் வாசலிலேயே நிறுத்தி அவளை மேலும் கீழும் பார்த்தார். உள்ளே கூட்டிப்போய்த் தன் பழைய நைட்டி ஒன்றைக் கொடுத்து, இதை மாட்டிக்கொண்டு வா, உன்னைத் தொட்டு அவன் மறுபடி சொறிய ஆரம்பித்தால் நான் தூங்க முடியாது என்றார். நைட்டி அவளுக்கு இரண்டு ஆள் அளவு இருந்தது. அதில் வந்து நின்றவளைப் பார்த்த மாஸ்டர் கைகளைச் சட்டென்று முதுகுக்குப் பின்னால் வைத்துக்கொண்டார்.

"காட்டுங்க," என்றாள்.

அவர் காட்டவில்லை.

"காட்டுங்கன்னா."

நீட்டினார். வெடிப்பெல்லாம் மூடியிருந்தது. விரல் நுனிகளில் புதுத்தோல் வந்திருந்தது. ரேகை இன்னும் சரியாகப் பதியாத, குழந்தைத் தோல். அவள் ஒவ்வொரு விரலாகப் பிடித்து, திருப்பி, நகக்கண் வரைக்கும் பார்த்தாள். பத்தும் நன்றாக இருந்தன. எவ்வளவோ நாளாக வேண்டிக்கொண்டிருந்தது இதுதான். இரண்டு பேரில் யாருக்கும் சந்தோஷப்பட வாய் வரவில்லை.

"ஏன் சொல்லல?"

"சொன்னா நான் இங்கயே இருக்கணும்னு ஆயிடும்."

"பொய் சொல்லிச் சொல்லியே எல்லாத்தையும் சமாளிச்சுடலாம்னு நெனப்பா?"

"இது வரைக்கும் ஒண்ணையும் சமாளிக்கல," என்றார் மாஸ்டர்.

நாத்தனார் இதையெல்லாம் தையல் மெஷினுக்குப் பின்னாலிருந்து கேட்டுக்கொண்டிருந்தார். காலை மிதியிலிருந்து எடுத்தார். ஊசிக்கு அடியில் அரைக்கால் சட்டை பாதியில் நின்றது.

"நான் ஒண்ணு சொல்றேன். ரெண்டு பேரும் குறுக்க பேசாம கேளுங்க. இவன் இங்க இருந்தா என் தொழில் நடக்காது. நாள் பூரா நடக்கறான். பொத்தானுக்குக் காஜா எடுக்கறப்ப பக்கத்துல வந்து நின்னு, நூல் இழுக்குது, பதம் வரலங்கறான். இவனுக்கு என்னா தெரியும் காஜாவப் பத்தி? பல்லு கட்டறவன். இவன் வீட்டுக்குப் போகட்டும்."

"அண்ணி, அங்கதான் போகக் கூடாதுன்னு..."

"குறுக்க பேசாதன்னேன். வீட்டுல தூளு இருக்கறதாலதான போகக் கூடாது? தூள எடுத்துட்டு நீ இங்க வா. பகல்ல இங்க இருந்து நகம் ஒட்டு. சாயந்தரம் இங்கயே குளிச்சு, துணி மாத்திட்டு வீட்டுக்குப் போ. அந்த மூலையக் காலி பண்ணித் தர்றேன். என் துணி மேல உன் பொடி வராம நான் திரை போட்டுக்கறேன்."

அவள் நாத்தனாரையே பார்த்தாள். "வர்றவங்க இவ்வளவு தூரம் வருவாங்களா அண்ணி?"

"கொஞ்ச பேரு வர மாட்டாங்க. போகட்டும். இங்கயும் பொம்பளைங்க இருக்காங்க, அவங்களுக்கும் கை இருக்கு." நாத்தனார் மெஷினில் குனிந்துகொண்டார். "எனக்கு வெச்சுக்கச் சொல்லாத. ஊசில மாட்டும்."

வீட்டைக் கழுவ வேன்காரியும் வந்தாள். அவள் நகத்தில் ஈறு இன்னும் இருந்தது, வளர்ந்த அளவுக்கு அடியில் சொந்த நகம் பிறைபோல எட்டிப் பார்த்தது. மெத்தையை வெளியே போட்டு அடித்தார்கள். சுவரை உச்சியிலிருந்து ஈரத்துணியால் இறக்கினார்கள். வாளித் தண்ணீர் ஊதாவாக, பச்சையாக, வெள்ளியாக வெளியே போனது. இவ்வளவையுமா நாங்கள் தின்றோம் என்று நகத்தக்கா சொன்னாள். முன்னறை மேஜை போனதும் அறை பெரிதாகி, பேச்சு எதிரொலித்தது. மேஜை நின்ற இடத்தில் தரை வேறு நிறமாக இருந்தது. அதை மட்டும் எவ்வளவு தேய்த்தும் எடுக்க முடியவில்லை.

மாறிப்போகும் நாள் காலை. அவள் மிச்சமிருந்த டப்பாக்களை ஒரு பெட்டியில் அடுக்கித் தூக்கிக்கொண்டு கிளம்பினாள். வழியில் பஸ் மாறும் நிறுத்தத்தில் இறங்கி, அடுத்த பஸ்ஸுக்கு நின்றாள். சாலைக்கு எதிர்ப்பக்கத்து நிறுத்தத்தில், தோளில் பையோடு மாஸ்டர் நின்றிருந்தார். அவள் வருகிற வழியில் அவர் போகிறார். இரண்டு பேரும் ஒரே நேரத்தில் பார்த்துக்கொண்டார்கள்.

அவர் சாலையைக் கடக்க ஒரு காலை எடுத்து வைத்தார். அவள் வேண்டாம் என்று கை காட்டினாள். காலையில் பெட்டி அடுக்கிய கை, அப்போது கட்டியிருந்த அதே புடவை, இரண்டிலும் தூள் இருக்கும்.

"வராதீங்க. அங்கயே நில்லுங்க."

நின்றார். நடுவில் ஒரு லாரி போனது, ஒரு ஆட்டோ போனது. நிறுத்தத்தில் இருந்தவர்கள் இவர்களை ஒரு மாதிரி பார்த்தார்கள்.

"அக்கா உனக்கு மூலையில லைட் போட்டு வெச்சிருக்கு," என்று கத்தினார்.

"சோறு ஆக்கி வெச்சிருக்கேன். குழம்ப மட்டும் சூடு பண்ணிக்கங்க."

"நீ எப்ப வருவ?"

"குளிச்சுட்டு."

அவர் தலையாட்டினார். பிறகு ஏதோ நினைவு வந்தவராகச் சட்டைப்பையைத் தட்டினார், பையைத் தட்டினார். காற்றில் ஒரு பூட்டைத் திறப்பதுபோல விரல்களைத் திருகிக் காட்டினார். சாவி அவளிடம்தான் இருந்தது. அவள் பெட்டியைத் தரையில் வைத்தாள். கைப்பைக்குள் துழாவிச் சாவியை எடுத்தாள். புடவைத் தலைப்பில் அல்ல, கைப்பையில் இருந்த புதுக் கைக்குட்டையில் இரண்டு பக்கமும் அழுத்தித் துடைத்தாள். இரண்டு பக்கமும் வண்டி இல்லாத நேரம் பார்த்து வீசினாள்.

சாவி வெயிலில் ஒருமுறை புரண்டு, அவள் நினைத்ததைவிட உயரமாகப் போனது. மாஸ்டர் அண்ணாந்து பார்த்தபடி ஒரு அடி பின்னால் வைத்தார், இரண்டு கைகளையும் சேர்த்துக் குவித்தார். உலோகம் உள்ளங்கையில் விழுந்த சத்தம் சாலைக்கு இந்தப் பக்கம் வரை கேட்டது. வலிக்கப் போகிறது என்று பழைய ஞாபகத்தில் அவர் முகம் சுருங்கியது. வலிக்கவில்லை. அவர் கையைத் திறந்து, சாவியைப் பார்ப்பதற்கு முன் கையைப் பார்த்தார்.

அவள் பஸ் வந்து நின்று நடுவில் மறைத்தது. பெட்டியைத் தூக்கிக்கொண்டு ஏறினாள்.